கனவூருக்கு மேப் போடுறது எப்படி: புதுசா ஆரம்பிக்கிறவங்களுக்கு

எங்க ஆச்சி வீட்டுப் புறவாசல்ல ஒரு கிணறு இருக்கு. நிஜத்துல அது தூர்ந்து போயி வருசக்கணக்காச்சு, மேல ஸ்லாப் போட்டு மூடி அதுமேல துவைக்கிற கல்லைத் தூக்கி வச்சிட்டாங்க. ஆனா கனவுல அந்தக் கிணத்துக்குள்ள படி இருக்கும், இறங்கிப் போனா தண்ணி வராது, ரயில்வே பிளாட்ஃபார்ம் வரும், யாரோ டீ ஆத்துற சத்தம் கேக்கும், பிளாட்ஃபார்ம் கடைசியில ஒரு பச்சைக் கதவு. மூணாவது தடவை அங்க போனப்போ கனவுக்குள்ளயே எனக்குத் தோணுச்சு, "அட, இந்த வழி எனக்குத் தெரியுமே"ன்னு. எந்திரிச்சதும் பழைய கேஸ் பில்லு பின்னாடி ஒரு கிறுக்கல் கிறுக்குனேன். அதுதான் முதல் மேப். இப்போ நாலு நோட்டும் ஒரு சுருட்டு ட்ரேசிங் பேப்பரும் ஆகியிருக்கு.

உங்களுக்கும் திரும்பத் திரும்ப வர்ற இடம் ரெண்டு மூணாவது இருக்கும், நிறைய பேருக்கு இருக்கு, கேட்டுப் பாத்தா ஸ்கூல் வராண்டா, பழைய வாடகை வீடு, போயிட்டே இருந்தாலும் முடியாத மாடிப்படின்னு ஒரு சின்ன ஊரே தேறும். அதை வரைஞ்சு வைக்கிறது எப்படின்னுதான் சொல்லப் போறேன். பலன் பாக்குறதுக்கு இல்ல, பாம்பு வந்தா என்ன அர்த்தம், பல்லு விழுந்தா என்ன அர்த்தம்ங்கிறதெல்லாம் வேற கடை.

முதல்ல வரையாதீங்க

ஆர்வத்துல முதல் நாளே சார்ட் பேப்பர் வாங்கிட்டு வந்துடுவாங்க. வேண்டாம். ரெண்டு மூணு வாரம் வெறும் குறிப்பு மட்டும் எடுங்க. ஒரு கனவை வச்சு மேப் போட முடியாது, குறைஞ்சது ஒரு பத்துப் பன்னெண்டு கனவு கையில இருந்தாத்தான் எது திரும்ப வருது எது ஒருநாள் கூத்துன்னு பிரியும்.

"எனக்குக் கனவே வராதுங்க"ன்னு சொல்றவங்களுக்கு: வருது, மறந்துடுறீங்க. தூக்கம் சுமார் 90 நிமிசச் சுத்துச் சுத்தா ஓடுது, ஒரு ராத்திரிக்கு நாலஞ்சு சுத்து. ஒவ்வொரு சுத்துலயும் கண்ணு இமைக்குள்ள வேகமா உருளுற ஒரு கட்டம் வரும், அதுக்குப் பேரு ரெம் தூக்கம், சிகாகோ பல்கலைக்கழகத்துல அசெரின்ஸ்கியும் கிளைட்மேனும் 1953ல இதை எழுதுனாங்க. காட்சி காட்சியா, கதை மாதிரி வர்ற கனவு பெரும்பாலும் இந்தக் கட்டத்துலதான். முதல் சுத்துல அது சில நிமிசம்தான் இருக்கும், விடிய விடிய நீளும். விடியக்காலைக் கனவு பலிக்கும்னு நம்ம வீட்டுப் பெரியவங்க சொல்றது பலிக்குதோ இல்லையோ, விடியக்காலைக் கனவுதான் நீளமாவும் ஞாபகத்துலயும் இருக்கும்ங்கிறது உண்மை. அதனால ஆறு மணி நேரம் தூங்கிட்டு எந்திரிச்சா கடைசி நல்ல கனவைத்தான் வெட்டுறீங்க. லீவு நாள்ல அலாரம் இல்லாம தூங்கிப் பாருங்க, சரக்கு நிறையக் கிடைக்கும். இன்னொரு சரக்கு உள்ள போயிருந்தா ஒண்ணும் கிடைக்காது, குடி முன்ராத்திரி ரெம் தூக்கத்தை அமுக்கிடும். சில மனஅழுத்த மாத்திரைகளும் அப்படித்தான், ஆனா மேப்புக்காக டாக்டர் குடுத்த மாத்திரையில கை வைக்காதீங்க, அந்த அளவுக்கு இது பெரிய கலை இல்ல.

முழிச்சதும் அசையாதீங்க. இதுதான் முக்கால்வாசி வேலை. எந்தப் பக்கம் ஒருக்களிச்சுப் படுத்திருந்தீங்களோ அப்படியே கண்ணை மூடிட்டு, கடைசியா எங்க நின்னோம், அதுக்கு முன்னாடி எங்க இருந்தோம், அங்க எப்படி வந்தோம்னு பின்னாடியே நூலைச் சுத்துங்க. முன்னாடி இருந்து பிடிக்கப் போனா வராது. அப்புறம்தான் நோட்டு. போன் எடுத்தா முடிஞ்சது கதை, வெளிச்சம் ஒண்ணு, நோட்டிஃபிகேசன் ரெண்டு, ஆபீஸ் குரூப்புல யாராவது குட்மார்னிங் ரோஜாப்பூ போட்டிருப்பாங்க, அதோட கிணறும் போச்சு பிளாட்ஃபார்மும் போச்சு. வாய்ஸ் நோட்டும் பண்ணிப் பாத்தேன், திரும்பக் கேட்டா பாதி கொட்டாவி, மீதி "அங்க... அந்த... சிவப்பா..." அவ்வளவுதான்.

குறிப்புல கதை எழுத வேண்டாம், மூணு விசயம் போதும்: எந்த இடம், எப்படி அங்க வந்தேன், உள்ளுக்குள்ள எப்படி இருந்துச்சு. என் நோட்டுல இருந்து ஒண்ணை அப்படியே போடுறேன்: "பட்டாசல். ஆனா சீலிங் ரொம்ப உசரம், தியேட்டர் மாதிரி. தார்சா வழியா வரல, நேரா உள்ள நிக்கேன். ஜன்னல் வழியா கடல் தெரியுது, வீட்டுல யாருக்கும் அது அதிசயமா இல்ல. லேட் ஆகுதுங்கிற பதட்டம். கிணத்துப் பக்கம் போகணும்." பட்டாசல்னா எங்க ஊருப் பக்கம் வீட்டு நடு ஹால், தார்சான்னா முன்பக்கத் தாழ்வாரம். அஞ்சு வரிதான். இதுல இருந்து மேப்புக்குத் தேவையானது எல்லாம் வந்துடும்.

ஸ்கேலைத் தூக்கிப் போடுங்க

நான் பண்ணுன முதல் தப்பு, கிராஃப் சீட் வாங்குனது. ஒரு கட்டம் பத்தடின்னு வச்சு ஆச்சி வீட்டைப் போட்டேன், கிணத்தைப் போட்டேன், கீழ பிளாட்ஃபார்ம். அடுத்த வாரமே அதே பிளாட்ஃபார்ம் ரெண்டாவது மாடியில இருந்துச்சு. அழிச்சுப் போட்டேன். அதுக்கடுத்த கனவுல ஆச்சி வீட்டுத் தெரு ஒரு பஸ்சுக்குள்ள இருந்துச்சு. பேப்பர் ஓட்டையானதுதான் மிச்சம்.

நிஜ உலகத்துல அந்தக் காலத்துல சர்வே பண்ணுனவங்க முதல்ல ஒரு அடிக்கோட்டை, அதாவது மத்த அளவுக்கெல்லாம் ஆதாரமான ஒரு கோட்டை, அளப்பாங்க. லாம்ப்டன்னு ஒரு சர்வேயர் 1802ல மெட்ராஸ்ல செயிண்ட் தாமஸ் மவுண்ட் பக்கம் இருந்து ஏழரை மைல் நீளத்துக்குச் சங்கிலி போட்டு அளந்தாரு, அந்த ஒரு கோட்டுல இருந்து முக்கோணம் முக்கோணமா விரிஞ்சுதான் இந்தியா மேப்பே வந்துச்சு. அரை டன் எடையுள்ள கருவியைத் தஞ்சாவூர்ப் பெரிய கோயில் விமானத்து மேல ஏத்தப் போயி, கயிறு அறுந்து அது அடிபட்டதும் அதே சர்வேயிலதான். அவ்வளவு பாடுபட முடிஞ்சதுக்குக் காரணம் ஒண்ணே ஒண்ணு, மலையும் கோபுரமும் ராத்திரியோட ராத்திரியா இடம் மாறாது. கனவூர்ல அடிக்கோடு கிடையாது, எதை நம்பி அளப்பீங்க?

அப்போ தூரத்தை விடுங்க, திசையை விடுங்க. எதுல இருந்து எதுக்குப் போக முடியுதுங்கிறதை மட்டும் வரைங்க. ஆய்லர்னு ஒரு கணக்கு மேதை 1736ல கோனிக்ஸ்பெர்க் ஊரோட ஏழு பாலத்தையும் ஒவ்வொண்ணா ஒரே ஒரு தடவை மட்டும் கடந்து வர முடியுமாங்கிற புதிரை எடுத்தாரு. ஆத்தோட அகலம் என்ன, பாலத்தோட நீளம் என்னன்னு அவரு பாக்கவே இல்ல, நிலத்துண்டு எது, எதுக்கும் எதுக்கும் எத்தனை பாலம், அவ்வளவுதான் பாத்து முடியாதுன்னு நிரூபிச்சாரு. லண்டன் மெட்ரோ மேப்பும் இதே கதைதான். ஹாரி பெக்குங்கிற டிராஃப்ட்ஸ்மேன் 1931ல எலக்ட்ரிகல் சர்க்யூட் படம் மாதிரி நேர்கோடு, சாய்கோடு மட்டும் வச்சு வரைஞ்சாரு, 1933ல அச்சாச்சு, மேல ஊரு எப்படி வளைஞ்சு கிடந்தாலும் கீழ ரயில்ல போறவனுக்கு அடுத்த ஸ்டேசன் எது, எங்க மாறணும்ங்கிறதுதான் வேணும். கனவுல நீங்களும் அந்த ரயில் பயணிதான்.

ஆக ஒரு இடத்துக்கு ஒரு வட்டம். வட்டத்துக்குள்ள பேரு, அதுவும் உங்களுக்கு மட்டும் புரியுற பேரு: "உசரப் பட்டாசல்", "கடல் ஜன்னல்", "முடியாத ஸ்டெப்". கனவுல இருக்குற போர்டைப் பாத்துப் பேரு வைக்காதீங்க, கனவுல எழுத்தை ரெண்டாவது தடவை படிச்சா மாறியிருக்கும்னு நிறைய பேர் சொல்லுவாங்க, எனக்கும் அப்படித்தான், எங்க பிளாட்ஃபார்ம் போர்டு ஒவ்வொரு தடவையும் வேற ஊரு.

வட்டத்துக்கும் வட்டத்துக்கும் நடுவுல போடுற கோட்டுலதான் விசயமே இருக்கு, இங்க சோம்பேறித்தனம் பண்ணாதீங்க. நான் மூணு வகை வச்சிருக்கேன். கதவு, படி, ரோடுன்னு நடந்தே போயிருந்தா நேர்கோடு. இங்க இருந்தேன், திடீர்னு அங்க இருக்கேன், நடுவுல ஒண்ணுமில்லன்னா கோடு போட்டு நடுவுல ரெண்டு வெட்டு. நான் நகரவே இல்ல, நின்ன இடமே வேற இடமா மாறிடுச்சுன்னா அலைக்கோடு. இந்த மூணையும் ஒண்ணாப் போட்டுக் குழப்பிக்கிட்டா ரெண்டு மாசம் கழிச்சு மேப் நூடுல்ஸ் ஆயிடும். அப்புறம் அம்புக்குறி கட்டாயம். கனவுல வழியெல்லாம் பெரும்பாலும் ஒன்வே. என் கிணத்துல இறங்கலாம், இதுவரைக்கும் ஒரு தடவைகூட ஏறி வந்தது கிடையாது, பச்சைக் கதவு வழியாத்தான் வெளிய வரணும், அது கொண்டுபோயி விடுற இடம் பத்தாங்கிளாஸ் வகுப்பு, கணக்குப் பரீட்சை, கையில ஹால் டிக்கெட் இருக்காது.

ஆளுங்களை மேப்புல போடாதீங்க. அவங்க நிக்கிற இடத்துல நிக்க மாட்டாங்க.

குறியீட்டுப் பட்டியலுக்குத் திணையைப் பிடிங்க

இது நான் ரொம்ப லேட்டாக் கண்டுபிடிச்சது. இடம் மாறுது, வீடு மாறுது, வெயில் மழை எல்லாம் மாறுது, அப்போ இது போன மாசம் வந்த அதே இடம்தான்னு எதை வச்சு முடிவு பண்றது? முதல் வருசம் முழுக்க இதுல முட்டிக்கிட்டேன். உருவத்தை வச்சுப் பாத்தா எல்லாமே புது இடம், வட்டம் பெருகிக்கிட்டே போகுது.

விடை ஸ்கூல் தமிழ்ப் புத்தகத்துல இருந்துச்சு. முதற்பொருள், கருப்பொருள், உரிப்பொருள், ஞாபகம் இருக்கா, மார்க்குக்காக மனப்பாடம் பண்ணுனது. முதல்னா நிலமும் பொழுதும். கருன்னா அந்த நிலத்துல இருக்குற மரம், பறவை, பறை, தொழில் மாதிரி சாமான். உரின்னா அந்த இடத்துக்குன்னு உள்ள உணர்வு, நெய்தல்னா இரங்கல், பாலைன்னா பிரிவு. தொல்காப்பியர் ஒரு இடத்துல "உரிப்பொருள் அல்லன மயங்கவும் பெறுமே"ங்கிறாரு. உரையாசிரியர்கள் இதை வச்சு நிறைய வாதம் பண்ணியிருக்காங்க, அவரு செய்யுளுக்குச் சொன்னதுதான், கனவுக்கு இல்ல, ஆனா என் நோட்டைப் பாத்துட்டுச் சொன்ன மாதிரியே இருந்துச்சு எனக்கு. மத்ததெல்லாம் ஒண்ணோட ஒண்ணு கலக்கலாம், உணர்வு மட்டும் கலக்காது.

அதை வச்சு ஒரு ரூல் போட்டேன்: உணர்வும் அதேதான், கருப்பொருள்ல ஒண்ணாவது அதேதான்னா அது பழைய இடம், எவ்வளவு உருமாறியிருந்தாலும் சரி. பட்டாசல் ஒருநாள் தியேட்டர் சைஸ்ல இருந்துச்சு, இன்னொரு நாள் பஸ்சுக்குள்ள இருந்துச்சு, ஒரு தடவை அது வீடே இல்ல, ஏதோ கல்யாண மண்டபம். ஆனா மூணு தடவையும் "லேட் ஆகுது, கிளம்பணும்"ங்கிற அந்தப் பதட்டம், மூணு தடவையும் ஆடுற ஊஞ்சல் சங்கிலி கிறீச் சத்தம். அதனால ஒரே வட்டம். நாற்பதுக்கு மேல போயிருந்த என் வட்டங்கள் இந்த ரூல் போட்டதும் பதினாறாச் சுருங்குச்சு. உணர்வுக்கு ஒரு கலர் வையுங்க, கருப்பொருளைச் சின்னப் படமா வட்டத்து ஓரத்துல போடுங்க. அஞ்சு கலருக்கு மேல வேண்டாம், பன்னெண்டு ஸ்கெட்ச் வாங்கி ஒவ்வொரு மூடுக்கும் ஒரு கலர்னு போட்ட ஃபிரண்டு ஒருத்தர் இப்போ அவரு மேப்பை அவராலயே படிக்க முடியல.

இடங்கள் ஏன் இப்படித் திரும்பத் திரும்ப வருதுன்னு கேட்டா, மூளையில இடத்துக்குன்னே செல்லுங்க இருக்கு. ஓ'கீஃப்னு ஒரு விஞ்ஞானி 1971ல எலி மூளையில கண்டுபிடிச்சாரு, ஒரு மூலைக்கு வந்தா ஒரு செல்லு துடிக்கும், அடுத்த மூலைக்கு வேற செல்லு. மோசர் தம்பதி 2005ல கட்டம் போட்ட மாதிரித் துடிக்கிற இன்னொரு வகையைக் கண்டுபிடிச்சாங்க, மூணு பேருக்கும் 2014ல நோபல். இதுல நமக்கு வேண்டியது அமெரிக்காவுல எம்ஐடி பல்கலைக்கழகத்துல 2001ல பண்ணுன சோதனை: முழிச்சிருக்கும்போது வட்டப்பாதையில ஓடுன எலி ரெம் தூக்கத்துல இருக்கும்போது அதே செல்லுங்க ஏறக்குறைய அதே வரிசையில திரும்பத் துடிச்சிருக்கு. எலி கனவு கண்டுச்சான்னு எலியைத்தான் கேக்கணும், ஆனா ஓடுன வழி தூக்கத்துலயும் ஓடுது.

மாறுறதை எப்படி வரையிறது

அழிக்காதீங்க. ரப்பரை எடுத்து யாருக்காவது குடுத்துடுங்க.

ட்ரேசிங் பேப்பர் வாங்குங்க, ஸ்டேசனரி கடையில சீட்டாவும் கிடைக்கும் சுருட்டாவும் கிடைக்கும். மாசத்துக்கு ஒரு தாள். போன மாசத்துத் தாளை அடியில வச்சு, இந்த மாசம் உண்மையிலயே போன இடத்தை மட்டும் மேல வரையணும், போகாத இடத்தைக் காப்பி அடிக்கக் கூடாது. மூலையில தேதி. ஒரு வருசம் கழிச்சு பன்னெண்டு தாளையும் அடுக்கி ஜன்னல் வெளிச்சத்துல பிடிச்சுப் பாத்தா, எது ஆணி அடிச்ச மாதிரி நிக்குது, எது நகருது, எது ஒருநாள் வந்துட்டு ஓடிருச்சுன்னு தானாத் தெரியும். இதுவும் என் ஐடியா இல்ல. மிசிசிப்பி ஆறு ஆயிரக்கணக்கான வருசமா படுக்கை மாத்தி மாத்திப் புரண்டிருக்கு, ஹெரால்ட் ஃபிஸ்க்னு ஒரு நிலவியலாளர் 1944ல அமெரிக்க ராணுவப் பொறியாளர் பிரிவுக்காக அந்தப் பழைய தடம் அத்தனையையும் ஒவ்வொரு கலர்ல ஒண்ணுமேல ஒண்ணாப் போட்டு மேப் வரைஞ்சாரு. பாத்தா ஆறு மாதிரியே இருக்காது, ரிப்பன் கடையில ஸ்டாண்டு சாஞ்ச மாதிரி இருக்கும். இன்னைக்கு ஆறு எங்க ஓடுதுங்கிறது அதுல ஒரே ஒரு கலர்தான், மிச்சமெல்லாம் எங்கெல்லாம் ஓடுச்சுங்கிறது. கனவூருக்கு இதைவிடப் பொருத்தமான மாதிரியை நான் பாக்கல.

மொபைல் ஆப்ல லேயர் போட்டும் பண்ணலாம், பண்றாங்க, எனக்குச் சரிப்பட்டு வரல. ஆப்ல வரைஞ்சா வளைஞ்ச கோடு தானா நிமிந்துடுது, எனக்கு அது பொய் சொல்ற மாதிரி இருக்கு.

இட்டுக்கட்டுற வியாதி

எல்லாருக்கும் வரும், எனக்கும் வந்துச்சு. ரெண்டு வட்டத்துக்கு நடுவுல வழியே இல்லாம கிடக்கும், கை சும்மா இருக்காது, "இதுக்கும் அதுக்கும் நடுவுல ஏதாவது இருக்கணுமே"ன்னு மனசு ஒரு பாலத்தைக் கட்டிடும். முழிச்சிருக்குற மூளைக்கு ஓட்டையைப் பாத்தா அடைச்சே தீரணும். அதனால நிச்சயமா ஞாபகம் இருக்குறது மட்டும் முழுக்கோடு, சந்தேகம்னா புள்ளிக்கோடு, தெரியலன்னா வெள்ளையா விட்டுடுங்க. மேப்புல வெள்ளை இடம் இருக்குறது கேவலம் இல்ல.

இதுல ஒரு கூத்து நடந்துச்சு. கடல் ஜன்னலுக்கும் ஸ்கூலுக்கும் நடுவுல, அழகுக்காக, நானா ஒரு மரப்பாலம் வரைஞ்சு வச்சேன். மூணு வாரம் கழிச்சு கனவுல அந்தப் பாலத்துல நடக்குறேன். பலகை ஒண்ணு ஆடுது, கீழ தண்ணி பச்சையா இருக்கு, எல்லாம் பக்கா. இப்போ அது மேப்புல இருக்கலாமா கூடாதா? ரொம்ப நாள் யோசிச்சு, வரைஞ்சதுக்கு அப்புறம் வந்த இடத்துக்கெல்லாம் ஒரு நட்சத்திரம் போடுறதுன்னு முடிவு பண்ணுனேன். நீங்களும் ஆரம்பத்துல இருந்தே அந்த நட்சத்திரத்தை வச்சிருங்க, பின்னாடி பிரிக்க முடியாது.

அந்தக் கூத்துல இருந்து ஒரு உபயோகமும் உண்டு. ஒரு இடத்துக்குத் திரும்பப் போகணும்னா, படுக்குறதுக்கு முன்னாடி மேப்பை அஞ்சு நிமிசம் பாத்து, விரலால அந்த வழியைத் தடவிட்டு, மேப்பை மூடி வச்சுட்டு மனசுக்குள்ளயே ஒரு தடவை நடங்க. பசிபிக்ல மார்ஷல் தீவுக்காரங்க அந்தக் காலத்துல தென்னை ஈக்கு மாதிரிக் குச்சியை வளைச்சுக் கட்டி, தீவுக்கு ஒரு சோழின்னு வச்சு, அலை எங்க மடங்குதுங்கிறதைக் காட்டுற மேப் செய்வாங்க. அதைப் படகுல எடுத்துட்டுப் போக மாட்டாங்க, கரையிலயே படிச்சு மண்டையில ஏத்திட்டு வெறுங்கையோட போவாங்க. நமக்கும் வேற வழி இல்ல, அங்க நோட்டை எடுத்துட்டுப் போக முடியாது. எனக்குப் பத்துல ரெண்டு தடவை வேலை செய்யுது. நடுராத்திரி அலாரம் வச்சு எந்திரிச்சு முயற்சி பண்றவங்க இருக்காங்க, மறுநாள் வண்டி ஓட்டணும், பரீட்சை இருக்குன்னா அதைப் பண்ணாதீங்க. பயமுறுத்துற கனவு தினமும் வந்து தூக்கமே கெடுதுன்னா மேப்பை ஓரமா வச்சுட்டு டாக்டரைப் பாருங்க, அந்த இடத்தைத் தினமும் உக்காந்து வரையிறது நல்லதுக்கில்ல.

கடைசியா ஒண்ணு, வீட்டுப் பெரியவங்க கிட்ட ஒரு தடவை காட்டுங்க. கனவுன்னு சொல்லாம "இப்படி ஒரு இடம் தெரியுமா"ன்னு மட்டும் கேளுங்க. நான் அம்மாகிட்ட காட்டுனேன். கண்ணாடியை மாட்டிக்கிட்டு ரொம்ப நேரம் பாத்தாங்க, கிணத்தைத் தாண்டுனாங்க, பிளாட்ஃபார்மைக் கண்டுக்கவே இல்ல, பச்சைக் கதவுல வந்து விரல் நின்னுச்சு. "இது சங்கரன்கோயில்ல நாம வாடகைக்கு இருந்த வீடுல்லா, ஒனக்கு அப்போ ரெண்டு வயசு, ஒனக்கு எப்படித் தெரியும்?"னாங்க. எனக்குப் பதில் தெரியல. "ஆனா கதவு இந்தப் பக்கம் கெடையாது, எடது பக்கம்லா"ன்னு சொல்லிட்டு, இதுல திருத்தம் போடக் கூடாதும்மான்னு நான் கத்துறதுக்குள்ள பால் கணக்கு எழுதுற பேனாவை எடுத்து மேலயே ஒரு கதவைப் போட்டுட்டாங்க. பென்சில் மேப்புல நீல மையில ஒரு கதவு, இப்பவும் இருக்கு.